'ஃபிளாப் ஷோ'வில் நகையும் அச்சமும்: ஜஸ்பால் பட்டியின் அங்கதக் குறுநாடகங்கள் குறித்து ஒரு நோக்கு

தமிழ் மரபில் நகைச்சுவையைப் பற்றி எழுதப் புகுவோர் பெரும்பாலும் மெய்ப்பாட்டியலிலிருந்தே தொடங்குவர். நகை பிறத்தற்குரிய நிலைக்களன்களாக மடன், பேதைமை, இளமை, எள்ளல் என்னும் நான்கினைத் தொல்காப்பியர் வகுத்துள்ளார். இவற்றுள் எள்ளலுக்கு உரை வரையும் பேராசிரியர், ஒருவன் பிறரை எள்ளி நகுதலும், பிறரால் எள்ளப்பட்டவிடத்துத் தானே நகுதலும் என அதனை இரண்டாகப் பகுத்துக் காட்டுவார். வகுப்பறையில் இப்பகுப்பு பாடமாகச் சொல்லப்படுகின்றது; மாணவர் அதனைத் தேர்வில் எழுதிவிடுகின்றனர்; பெரும்பாலும் செய்தி அவ்வளவில் நின்றுவிடுகின்றது. நம் காலத்து நகைச்சுவைப் படைப்பொன்றின்மீது அதனை வைத்துப் பார்த்தால் அது என்ன புலப்படுத்தும் என்பதே இக்கட்டுரைக்குத் தூண்டுகோலாயிற்று.

இங்கு நாம் எடுத்துக்கொள்வது 1989ஆம் ஆண்டில் தூர்தர்ஷன் ஒளிபரப்பிய 'ஃபிளாப் ஷோ' என்னும் இந்தித் தொடராகும். ஜஸ்பால் பட்டி எழுதி இயக்கி நடித்த இத்தொடரில் பத்தே பகுதிகள் உள. அவர்தம் துணைவியார் சவிதா பட்டி தயாரித்ததோடு மனைவி பாத்திரத்திலும் தோன்றினார். விவேக் ஷௌக் உள்ளிட்ட ஒரு சிறு நடிகர் குழு மற்றப் பாத்திரங்களை ஏற்றது. ஒவ்வொரு பகுதியும் தனித்து நிற்கும் ஒரு குறுநாடகம். தொலைபேசி, விருந்தாளி, அலுவலகக் கூட்டம், மருத்துவச் செலவுப் பட்டியல், முனைவர் பட்டம், ஒப்பந்தக்காரர், வீட்டுடைமை, மருத்துவர், சிறப்பு விருந்தினர், தொலைக்காட்சித் தொடர் என அவற்றின் பொருள் அமையும். இப்பட்டியலே ஒரு நடுத்தர வருக்க இந்தியனின் அன்றாடக் கவலைகளின் அட்டவணை போன்று தோன்றுகின்றது. மலேசிய, சிங்கப்பூர்த் தமிழ் வாசகருள் பலருக்கு இத்தொடர் அறிமுகமற்றதாக இருக்கலாம். இந்தி அறியாதவர்க்கும் இதன் பெரும்பகுதி விளங்கும் என்பது எம் கருத்து. ஏனெனில் இதன் நகை சொல்விளையாட்டைக் காட்டிலும் சூழ்நிலையையே மிகுதியும் பற்றி நிற்கின்றது.

பட்டி 1955இல் அமிர்தசரசில் பிறந்தவர். சண்டிகரிலுள்ள பஞ்சாப் பொறியியற் கல்லூரியில் மின்பொறியியல் பயின்றவர். மாணவப் பருவத்திலேயே 'நான்சென்ஸ் கிளப்' என்னும் குழுவினை அமைத்துத் தெருமுனை நாடகங்கள் நடத்தினார். 'தி டிரிபியூன்' நாளிதழில் கேலிச்சித்திரம் வரைந்தார். தூர்தர்ஷனின் காலை நிகழ்ச்சியினிடையே வந்த 'உல்டா புல்டா' என்னும் சிலநிமிடத் துணுக்குகளே அவரை நாடறியச் செய்தன. கேலிச்சித்திரக்காரரின் சிக்கனம் அவருடைய நாடகங்களிலும் உண்டு. ஒரு சித்திரத்தில் ஒரு குற்றம். அதற்கு மேல் சுமத்துவதில்லை.

அச்சத்தின் இருப்பிடம்

அச்சத்திற்குரிய நிலைக்களன்களாகவும் தொல்காப்பியர் நான்கினைச் சுட்டுவார். அணங்கும் விலங்கும் கள்வரும் தம் இறையும் அவை. முதல் மூன்றும் புறத்திருந்து வந்து தாக்குவன. நான்காவதோ ஒருவன் அன்றாடம் பணிந்து வாழவேண்டிய மேலிடம். தற்கால நகர வாழ்க்கையில் அணங்கும் விலங்கும் பெரிதும் விலகிவிட, இந்த 'இறை' மட்டும் பல்கிப் பெருகியுள்ளதாக நாம் கொள்ளலாம். அது அரியணையில் இல்லை. மேசைக்குப் பின்னால் இருக்கின்றது. தொலைபேசிக் கம்பியைப் பழுதுபார்க்கும் ஊழியர், கட்டட அனுமதிக்குக் கையொப்பமிடும் பொறியாளர், ஆய்வேட்டை ஏற்கவோ மறுக்கவோ வல்ல பேராசிரியர் ஆகியோரே 'ஃபிளாப் ஷோ'வின் இறைவர்கள். பட்டியின் நாடகங்களில் நகையும் அச்சமும் ஒரே இடத்தில் பிறக்கின்றன என்பது நாம் வலியுறுத்த விரும்பும் முதற் கருத்து.

தொலைபேசி பற்றிய பகுதியை இங்கு நோக்கலாம். 1989இல் இந்தியாவில் நூறு பேருக்கு ஒரு தொலைபேசி இணைப்புகூட இல்லை. விண்ணப்பித்துவிட்டு ஆண்டுக்கணக்கில் காத்திருப்பது இயல்பு. இணைப்பு கிடைத்த பின்னரும் கருவி பேசுமா என்பது உறுதியில்லை. எனவே தொலைபேசி ஒரு வசதிப் பொருளாக மட்டும் இருக்கவில்லை. வீட்டின் மதிப்பைத் தெருவிற்கு அறிவிக்கும் பொருளாகவும், அதனாலேயே அண்டை அயலாரின் நடமாட்டத்திற்கு வீட்டைத் திறந்துவிடும் பொருளாகவும், என்று ஊமையாகுமோ என்ற ஓயாத ஐயத்திற்குரியதாகவும் அமைந்தது. கருவியைப் பெற்றவர் பெறாதவரைவிட மிகுதியாகத் துன்புறுவதே இப்பகுதியில் நகைக்கு வித்து. நவீனப் பொருள் ஒன்று வந்து சேர்ந்ததும் கவலை நீங்குவதில்லை, உருமாறுகின்றது என்பதைப் பட்டி உரையாடல் எதுவும் சொல்லாமலேயே காட்டிவிடுகின்றார்.

கூட்டம் பற்றிய பகுதி இன்னும் நுட்பமானது. தேநீரும் தின்பண்டமும் வருகின்றன, பேச்சு நீள்கின்றது, பொருள் முடிவுறாமலே கூட்டம் முடிவுறுகின்றது. இதனைக் கண்டு நகாத கல்வியாளர் ஒருவரேனும் இருப்பாரா என்பது ஐயமே. இங்கு யாரும் யாருக்கும் கையூட்டுத் தருவதில்லை. யாரும் தீயவரும் அல்லர். ஒரு நிறுவனம் தான் இயங்குவதாகத் தனக்கே மெய்ப்பித்துக்கொள்ளும் சடங்காகக் கூட்டம் நிற்கின்றது.

தவறிழைப்பவர் யார்?

இந்தியாவில் பொதுமகனை மையமாகக் கொண்ட அங்கதம் பட்டியோடு தொடங்கியதன்று. ஆர். கே. லட்சுமண் 1951 முதல் 'டைம்ஸ் ஆஃப் இந்தியா'வில் வரைந்த 'யூ செட் இட்' கேலிச்சித்திரத்தில், கட்டம்போட்ட மேலங்கியும் வேட்டியும் அணிந்த பொதுமகன் ஒருவன் இடம்பெற்று வந்தான். அவன் பேசுவதில்லை. அமைச்சரும் அதிகாரியும் செய்வனவற்றைப் பார்த்து நிற்கின்றான். தூர்தர்ஷனிலேயே 1988இல் தொடங்கிய 'வாக்லே கி துனியா' லட்சுமணின் உலகைச் சின்னத்திரைக்குக் கொணர்ந்தது. அதனை இயக்கிய குந்தன் ஷா 1983இல் எடுத்த 'ஜானே பி தோ யாரோ' திரைப்படத்தில், கட்டட முதலாளிகளின் ஊழலைக் கண்டறிந்த இரு அப்பாவிப் புகைப்படக்காரர்களே இறுதியில் குற்றவாளிகளாக்கப்படுகின்றனர். இவையனைத்திலும் பொதுமகன் தூயவன். சாட்சியாகவோ பலியாகவோ நிற்பவன்.

பட்டியின் பொதுமகன் அத்தகையவன் அல்லன். மருத்துவச் செலவுப் பட்டியல் பற்றிய பகுதி இதற்குத் தக்க சான்று. அரசு ஊழியர் தம் மருத்துவச் செலவினைப் பட்டியல் காட்டித் திரும்பப் பெறும் உரிமையுடையவர். நோயற்றவரும் பொய்ப் பட்டியல் காட்டிப் பணம் பெறும் வழக்கம் இப்பகுதிக்குப் பொருளாகின்றது. இங்குக் குற்றவாளி அமைச்சர் அல்லர், பெருமுதலாளியும் அல்லர். மாத ஊதியத்தில் வாழும் எழுத்தரே குற்றவாளி. மாலையில் வீட்டுக்கு வந்து தொலைக்காட்சிப் பெட்டியின்முன் அமர்ந்து இதனைக் கண்டவரும் பெரும்பாலும் அவரே. செம்பொருள் அங்கதம், பழிகரப்பு அங்கதம் என்னும் தொல்காப்பியர் பகுப்பில் இதனை எதில் அடக்குவது என்பது எளிதில் விடைகாண இயலாத வினாவாகும். பழி வெளிப்படையாகவே சொல்லப்படுகின்றது. அவ்வகையில் இது செம்பொருள். ஆனால் பழிக்கப்படுபவர் யார் என்பது மட்டும், பார்ப்பவர் நகைத்து முடிக்கும்வரை கரந்து நிற்கின்றது. எள்ளப்பட்டவிடத்துத் தானே நகுதல் என்று பேராசிரியர் கூறியது இத்தகைய நகையையே எனக் கொள்வதில் தவறில்லை.

இதற்குத் துணைசெய்யும் உத்தியொன்றும் உண்டு. பத்துப் பகுதிகளிலும் நடிகர் குழு ஒன்றே. பாத்திரங்களும் தொழில்களும் மட்டும் மாறுகின்றன. ஒரு வாரம் விருந்தாளிகளிடமோ தொலைபேசியிடமோ சிக்கி அல்லற்பட்டு நம் இரக்கத்தைப் பெற்ற அதே முகங்கள் மறுவாரம் பிறரை ஏய்ப்போர் நடுவே தோன்றுகின்றன. தொடர்கதைத் தன்மை இல்லாத குறுநாடக வடிவம் தரும் வாய்ப்பு இது. ஒரே பாத்திரம் தொடர்ந்து வரும் நாடகமாயின் அப்பாத்திரத்தின்பால் நமக்குப் பற்று உண்டாகிவிடும். அதன் குற்றங்களை மன்னித்துவிடுவோம். இங்கோ மன்னிப்பதற்கு எவரும் நிலையாக இல்லை. ஏய்க்கப்படுபவரும் ஏய்ப்பவரும் வேறு வேறு மனித இனத்தார் அல்லர், ஒருவரே வெவ்வேறு நாற்காலிகளில் அமர்ந்திருக்கின்றனர் என்ற உணர்வு சில வாரங்களுக்குள் பார்வையாளரிடம் தானாகவே ஊன்றிவிடுகின்றது. இவ்வுத்தி திட்டமிட்டு அமைக்கப்பட்டதா, சிறு முதலீட்டில் பெருங்குழுவை அமர்த்த இயலாமையால் நேர்ந்ததா என்று கேட்கலாம். எவ்வாறாயினும் விளைவு ஒன்றே.

நடிப்பு முறையும் இதற்கேற்பவே அமைந்துள்ளது. பட்டி ஒருபோதும் நகைச்சுவை நடிகரைப் போன்று நடிப்பதில்லை. குரல் உயராது, முகம் கோணாது. அநியாயமான ஒன்றைச் சொல்லும்போதும் அலுவலகக் குறிப்பைப் படிப்பவர்போல் நிதானமாகவே சொல்வார். வியப்படைய வேண்டிய இடத்தில் எவரும் வியப்படையாமையே இந்நாடகங்களில் நகையைப் பெருக்குகின்றது. பகுதியின் முடிவில் வரும் பாடல் மட்டும் இதற்கு விலக்கு. பலரும் அறிந்த திரைப்பட மெட்டில், அன்றைய பொருளுக்கேற்ற புதுச்சொற்களை அமைத்துப் பாடுவர். சில பகுதிகளில் இப்பாடல் நாடகம் ஏற்கெனவே சொன்னதையே மீண்டும் சொல்கின்றது, நீக்கியிருந்தாலும் குறையில்லை. எனினும் திரைப்பாட்டின் காதல் உருக்கம் ஒப்பந்தக்காரரின் சிமெண்டுக்கு இடம்பெயரும்போது உண்டாகும் முரண் மறுக்க இயலாத சுவையுடையது. சிமெண்டின் விலைக்கும் வழங்கலுக்கும் இருந்த அரசுக் கட்டுப்பாடு 1982இல் ஓரளவும் 1989இல் முழுமையாகவும் தளர்த்தப்பட்டது என்பதை நினைவிற்கொண்டால், அக்காலத்துப் பார்வையாளர்க்கு அச்சொல் எத்துணை உணர்வேற்றம் பெற்றிருந்தது என்பது புலனாகும்.

அரசின் திரையில் அரசைப் பற்றி

அன்று தூர்தர்ஷன் அரசின் ஓர் அங்கம். அதனைத் தன்னாட்சி அமைப்பின்கீழ்க் கொணரும் பிரசார் பாரதி சட்டம் 1990இல் நிறைவேறி 1997இலேயே நடைமுறைக்கு வந்தது. அரசு அலுவலகத்தை நகையாடும் தொடரை அரசே ஒளிபரப்பியது எங்ஙனம் என்ற வினா எழுகின்றது. மக்களின் மனக்குமுறலைச் சிரிப்பாக வடியவிடும் வழியே இது என்பார் உளர். அக்கூற்றை முற்றாகத் தள்ளுவதற்கில்லை. பத்துப் பகுதிகளின் தலைப்புப் பொருள்களுள் அமைச்சரகமோ தேர்தலோ ஒன்றேனும் இல்லை. துறைகளும் அலுவலகங்களும் வீடுகளுமே உள்ளன.

ஆயினும் இத்தகைய இசைவு இந்திய நாடக மரபுக்குப் புதியதன்று என்பதையும் இங்கு நினைவுகூர வேண்டும். ஏழாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பல்லவ மன்னன் மகேந்திரவர்மன் இயற்றிய 'மத்தவிலாசப் பிரகசனம்' காஞ்சி நகரத் தெருக்களில் நிகழ்வது. தன் கபாலத்தை இழந்த குடிகாரக் காபாலிகன் ஒருவன், அதனைத் திருடியவன் எனப் பௌத்தத் துறவியொருவனைப் பற்றுகின்றான். வழக்கை நீதிமன்றத்திற்குக் கொண்டுசெல்லலாம் என்ற பேச்சு எழும்போது, விகாரையின் செல்வத்தால் அத்துறவி நீதிமன்றத்தாரை வாங்கிவிடுவான் என்று காபாலிகனின் துணைவி தேவசோமை அஞ்சுகின்றாள். தன் தலைநகரின் நீதிமன்றம் கையூட்டு வாங்கும் என்பதைத் தன் நாடகத்திலேயே ஒரு பெண்ணின் வாயால் சொல்லவைத்தவன் அந்நாட்டு மன்னனே. இதனை மன்னனின் பெருந்தன்மை எனப் போற்றுவாரும் உளர். நாம் வேறொன்றைக் காண்கின்றோம். அவ்விடத்தில் நகை தேவசோமையின் அச்சத்திலிருந்தே பிறக்கின்றது. ஆயிரத்து முந்நூறு ஆண்டுகளுக்கு மேலான இடைவெளியைக் கடந்து பட்டியின் நாடகங்களோடு அதனை இணைப்பதும் அதுவே. பட்டி அந்நாடகத்தைப் பயின்றார் என்று நாம் கூறவரவில்லை. மேலிடத்தின் இசைவோடு மேலிடத்தை நகுதல் என்னும் சிக்கல் பழமையானது என்பதே இங்குக் கருத்து.

இசைவுக்கு ஒரு விலையும் உண்டு. 1989இல் பஞ்சாப் துப்பாக்கிகளின் நிழலில் இருந்தது. 1984ஆம் ஆண்டின் பொற்கோயில் இராணுவ நடவடிக்கையும், அவ்வாண்டு இறுதியில் தில்லியில் சீக்கியர்மீது நிகழ்ந்த படுகொலைகளும் கழிந்து ஐந்தாண்டுகளே ஆகியிருந்தன. அம்மண்ணிலிருந்து வந்த ஒரு கலைஞர் தொலைபேசியையும் விருந்தாளியையும் பற்றி நாடகம் போட்டார். பேரச்சம் சூழ்ந்த காலத்தில் சிற்றச்சங்களைப் பேசியது ஒரு தப்புதலே என்று வாதிடலாம். இத்தொடரின் பெருங்குறை அதுவெனக் கருதுவோரை நாம் மறுக்கமாட்டோம். ஆனால் ஒன்றைக் கணக்கிற்கொள்ள வேண்டும். இந்தியத் துணுக்கு மரபில் சீக்கியர் நெடுங்காலமாகப் பேதைமைக்கு எடுத்துக்காட்டாகவே நிறுத்தப்பட்டு வந்தவர். 1984க்குப் பின்னர் ஐயத்திற்குரியவராகவும் ஆக்கப்பட்டவர். தலைப்பாகையணிந்த ஒருவர் நாடு முழுவதற்கும் பொதுவான நடுத்தர வருக்க மனிதராக, எவருக்கும் இலக்காகாமல் எவரையும் இலக்காக்கும் கூர்மையுடன், வாரந்தோறும் வீடுகளுக்குள் வந்தமர்ந்தார். அதற்காக அவர் எந்த முழக்கமும் இடவில்லை. பேசாது விட்டதன் அளவை நிறுப்போர் இதனையும் மற்றத் தட்டில் வைத்தல் வேண்டும்.

பெண்பாத்திரங்களைப் பொறுத்தவரை அத்தகைய ஈடுசெய்தல் எதனையும் நம்மால் காண இயலவில்லை. சவிதா பட்டியின் நடிப்பு கணவரின் நடிப்புக்குக் குறைந்ததன்று. எனினும் அவருக்குத் தரப்பட்ட இடம் பெரும்பாலும் மனைவி என்னும் எல்லைக்குள்ளேயே அடங்கிவிட்டது. நடுத்தர வருக்கப் பெண்ணின் கவலைகள் அத்தொடரின் பத்துத் தலைப்புகளுள் ஒன்றாகவும் இடம்பெறவில்லை.

1991இல் பொருளாதாரக் கொள்கை மாறியது. 1995 ஜூலையில் இந்தியாவின் முதல் கைப்பேசி அழைப்பு நிகழ்ந்தது. தொலைபேசிப் பகுதி இன்று வரலாற்றுச் சான்றாகிவிட்டது. இளையோர்க்கு அதனை விளக்கிச் சொன்ன பின்னரே சிரிப்பு வருகின்றது. பட்டி அதன்பின்னும் ஓயவில்லை. 'ஃபுல் டென்ஷன்' என்னும் தொடரும் 1999இல் 'மாஹௌல் டீக் ஹை' என்னும் பஞ்சாபித் திரைப்படமும் தந்தார். 2009 தேர்தற்காலத்தில் 'ரிசெஷன் கட்சி' என்ற பெயரில் போலிக் கட்சி தொடங்கினார். 2012 அக்டோபர் 25ஆம் நாள், தம் 'பவர் கட்' திரைப்படம் வெளிவருவதற்கு முந்தைய நாளில், ஜலந்தர் மாவட்டத்தில் சாலை விபத்தில் உயிர்நீத்தார். மறு ஆண்டு பத்ம பூஷண் விருது அளிக்கப்பெற்றது. பின்னாளைய படைப்புகளுள் எதுவும் அப்பத்துப் பகுதிகளின் செறிவை எய்தவில்லை என்பது நம் மதிப்பீடு. ஊழலின் அளவு கோடிகளில் பேசப்படலான பின்னர், பொய்ப் பட்டியலில் சில நூறு ரூபாய் பெறும் எழுத்தரைக் கண்டு தன்னையே நகுவதற்குப் பார்வையாளரும் ஆயத்தமாக இல்லை போலும்.

பத்தினுள் மூப்படையாத பகுதி முனைவர் பட்டம் பற்றியதாகும். ஆய்வு மாணவர் நூலகத்திற்குச் செல்லாமல் நெறியாளரின் வீட்டு வேலைகளைச் சுமக்கின்றார். ஆய்வு முன்னேறுவதும் நிற்பதும் அவ்வேலைகளைப் பொறுத்தே அமைகின்றன. இந்தி இலக்கியத்திலும் இதற்கு முன்னோடி உண்டு. ஸ்ரீலால் சுக்லாவின் 'ராக் தர்பாரி' புதினத்தில் (1968) ஓர் ஊரின் சீர்கேடுகள் அனைத்தையும் வாசகர் ரங்கநாத் என்னும் ஆய்வு மாணவனின் கண்வழியாகவே காண்கின்றனர். ஆனால் சுக்லாவின் மாணவன் காண்பவன். பட்டியின் மாணவனோ உடன்படுபவன். அவன் முணுமுணுக்கலாம், விலகுவதில்லை. இந்த ஏவலைச் செய்தால் பட்டம் வரும், பட்டம் வந்தால் பணி வரும், பணி வந்தால் தனக்கும் மாணவர் வருவர் என்ற கணக்கு அவனிடமும் உண்டு. மருத்துவப் பட்டியல் எழுத்தருக்கும் இவனுக்கும் உள்ள உறவு இங்கே வெளிப்படுகின்றது. நெறியாளர் கொடியவராகவும் காட்டப்படவில்லை. தமக்கு உரியதைத் தாம் பெறுவதாகவே அவர் முழு மனத்தோடு நம்புகின்றார். ஒருகாலத்தில் தம் நெறியாளர்க்கு அவரும் இவ்வாறே செய்திருக்கக்கூடும் என்று எண்ண இடமிருக்கின்றது.

அங்கதம் கற்பிக்கும் ஆசிரியர்கள் இப்பகுதியை மெய்ப்பாட்டியற் பாடத்தோடு சேர்த்து மாணவர்க்குத் திரையிடலாம். அவ்வாறு செய்யும்போது இளங்கலை மாணவரையும் ஆய்வு மாணவரையும் ஒரே அறையில் அமர்த்துதல் நன்று. எந்தெந்த இடத்தில் யார் சிரிக்கின்றனர், யார் சிரிப்பை அடக்குகின்றனர், நெறியாளர் அறையில் இருக்கும்போது அது எவ்வாறு மாறுகின்றது என்பனவற்றைக் குறித்துக்கொண்டால், எள்ளலைப் பேராசிரியர் இரண்டாகப் பகுத்ததற்கான காரணத்தை உரைநூலைத் திறவாமலே அவர்களோடு பேசத் தொடங்கலாம்.